கூண்டுக்கிளியின் சோர்வு: தமிழ் மரபிலும் திருப்பூர்ப் பின்னலாடை வட்டாரத்திலும் பறவை நோயறிதலின் வரலாறு

ஆய்வுச் சுருக்கம்

வீட்டில் வளர்க்கப்படும் கிளி வழக்கத்துக்கு மாறாகச் சோர்ந்திருப்பது நோயின் தொடக்கம் அன்று. பெரும்பாலும் அது முற்றிய நோயின் வெளிப்பாடு. இதனை அறிவியல் தெளிவாக உணர்ந்தது கடந்த ஒரு நூற்றாண்டுக்குள்தான். தமிழிலக்கியம் கிளியைக் குரலின் வழியாகவே பெரிதும் அறிந்தது. புறா, கோழி ஆகியவற்றின் சோர்வைக் கூர்ந்து கண்ட மரபு, கிளியின் சோர்வுக்குத் தனிச்சொல் வகுக்கவில்லை. இவ்வேறுபாட்டின் காரணங்களையும், கோழிப்பண்ணை அறிவு செறிந்த திருப்பூர் மாவட்டத்தில் அவ்வறிவு கூண்டுப் பறவையைச் சென்று சேராமைக்கான காரணங்களையும் இக்கட்டுரை ஆராய்கிறது.

குறிச்சொற்கள்: கிளி, பறவைச் சோர்வு, நெடுநல்வாடை, இராணிக்கேத் நோய், திருப்பூர், பல்லடம், வனவுயிர்ச் சட்டம்.

முன்னுரை

திருப்பூரின் பின்னலாடைத் தொழில் 1920களில் சிறு அளவில் தொடங்கி, 1980களுக்குப் பின் ஏற்றுமதியால் விரிந்தது. இந்நகரத்தின் தொழில், நொய்யல் ஆறு, சாயக்கழிவு, தொழிலாளர் இடப்பெயர்வு ஆகியன பற்றி ஆய்வுகள் பல வந்துள்ளன. அத்தொழிலாளர் வாழும் லைன் வீடுகளின் உள்ளே நிலவும் அன்றாட வாழ்வு அந்த அளவுக்குக் கவனம் பெறவில்லை. அந்த அன்றாடத்தின் ஒரு சிறு கூறு, வாசலிலோ சன்னலோரத்திலோ தொங்கும் பறவைக்கூண்டு. அதில் இருப்பது பெரும்பாலும் ‘லவ் பேர்ட்ஸ்’ என்று மக்கள் அழைக்கும் பட்ஜிரிகர். சில இடங்களில் செந்தார்ப் பைங்கிளி.

கூண்டிலுள்ள பறவை ஒருநாள் சிறகை உப்பிக்கொண்டு பகலிலும் கண்மூடி அமர்ந்திருக்கிறது. அதைக் ‘களைப்பு’ என்று கொள்வதா, ‘தூக்கம்’ என்று கொள்வதா, ‘நோய்’ என்று கொள்வதா என்பது வீட்டார் முன்னிருக்கும் கேள்வி. இக்கேள்விக்குத் தமிழ்ச் சமூகம் வெவ்வேறு காலங்களில் என்னென்ன விடைகளைக் கொண்டிருந்தது என்பதே இக்கட்டுரையின் ஆய்வுப் பொருள்.

குரலால் அறியப்பட்ட பறவை

சங்க இலக்கியத்தில் கிளி முதலில் தோன்றுவது கூண்டில் அன்று; தினைப்புனத்தில். குறிஞ்சித் தலைவி கிளி கடியும் பணியில் இருக்கிறாள். தழல், தட்டை, குளிர் முதலிய கருவிகளைக் குறிஞ்சிப்பாட்டு பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறது. ஐங்குறுநூற்றில் கபிலர் பாடிய குறிஞ்சிப் பகுதியுள் ‘கிள்ளைப்பத்து’ என ஒரு பத்தே அமைந்துள்ளது. இப்பாடல்களில் கிளி கூட்டமாக வருகிறது, கதிரைக் கொய்கிறது, விரட்டினால் பறக்கிறது. அது நலமும் விரைவும் உடைய பறவை. தனிக்கிளி ஒன்றின் உடல்நிலையைக் கவனிக்க வேண்டிய தேவை புனங்காவலில் எழவில்லை.

கிளி மனைக்குள் வந்த பின்னர் மரபு அதன் பேச்சைக் கொண்டாடியது. அந்தணர் உறைவிடத்தில் மறையோசையைக் கிளி பயில்வதைப் பெரும்பாணாற்றுப்படை காட்டுகிறது. மதுரை மீனாட்சியம்மன் கோயிலின் கிளிக்கூட்டு மண்டபம் தன் பெயரிலேயே இவ்வழக்கத்தைத் தாங்கி நிற்கிறது. பதினெட்டாம் நூற்றாண்டின் அழகர் கிள்ளைவிடு தூது, சொன்னதைச் சொல்லும் இயல்பு கருதியே கிளியைத் தூதாகத் தேர்கிறது.

இவ்வரிசையில் தனித்துக் குறிக்கத்தக்கது நாச்சியார் திருமொழியில் வரும் ஒரு காட்சி. கூண்டுக்கிளி எந்நேரமும் இறைவன் பெயரைச் சொல்லி அழைக்கிறது. அதனை ஒறுக்கும் பொருட்டு உணவு கொடாது விட்டால், முன்னினும் உரத்து மற்றொரு திருப்பெயரைக் கூவுகிறது. பக்திப்பொருள் ஒருபுறமிருக்க, இது கூண்டுப் பறவையின் நடத்தை பற்றிய நேரிய பதிவுமாகும். நலமுள்ள கிளி பசித்தால் கத்தும். வீட்டார் அதன் தேவையை அறிவது அக்குரலால். ஆனால் நோயுற்ற கிளி கத்துவதில்லை. குரலைக் கொண்டே கிளியை அறிந்த மரபில், குரல் அடங்கியபோது நேரும் மாற்றம் பதிவாகாமற் போனதில் வியப்பில்லை.

சோர்வால் அறியப்பட்ட பறவைகள்

தமிழ் மரபு பறவைகளின் சோர்வையே அறியாதது என்று இதனால் கொள்ளலாகாது. நெடுநல்வாடையில் நக்கீரர் காட்டும் மனைப்புறா இதற்குச் சான்று. கூதிர்கால மழையும் குளிரும் தொடர்கின்றன. வீட்டில் வாழும் ஆண்புறா தன் பெடையுடன் வெளிமன்றத்துக்கு இரைதேடப் போகவில்லை. இரவு எது, பகல் எது என்று தெளியாமல் செயலற்று இருக்கிறது. இருக்கும் கட்டையில் கால்மாற்றி அமர்கிறது. இன்றைய பறவை மருத்துவர் கேட்டறியும் குறிகள் பல இதில் உள்ளன: இரை குறைதல், இயக்கம் குறைதல், இரவுபகல் ஒழுங்கு குலைதல், அமரும் நிலையில் மாற்றம். நக்கீரர் சோர்வோடு நிற்கவில்லை. அதன் புறக்காரணமாகிய குளிரையும் உடன் வைக்கிறார்.

பறவையின் நிலையைக் கண்டு ஒருவன் செயல்பட்டதற்குப் பேகன் வரலாறு சான்றாகிறது. மயில் குளிரால் நடுங்குவதாகக் கருதி அவன் போர்வை அளித்தான் என்பதைப் பரணர் புறநானூற்றில் பாடியுள்ளார். ஆவியர் குடியினனாகிய பேகனின் மலைநாடு இன்றைய திருப்பூர் மாவட்டத்தின் தென்பகுதியை அடுத்துள்ள பழனி மலைப்பகுதி. இந்நிகழ்ச்சி கொடைமடம் என்றே விளக்கப்பட்டு வந்துள்ளது. எனினும் பறவை மருத்துவ நோக்கில் இதனை வேறுவகையிலும் காணலாம். நோயுற்ற சிறு பறவைக்கு முதலுதவியாக இன்று பரிந்துரைக்கப்படுவது வெதுவெதுப்பு. ஏறத்தாழ 30 பாகை செல்சியசு வெப்பத்தில், அரவமற்ற இடத்தில் பறவையை வைக்கச் சொல்கின்றனர். பேகனின் கணிப்பு பிழைபட்டிருக்கலாம். அவன் செயலின் திசை பிழையன்று.

கோழியைப் பொறுத்தவரை சான்று பேச்சுமொழியிலேயே கிடைக்கிறது. தலைதொங்கி ஒடுங்கியிருக்கும் மனிதரை ‘சீக்கு வந்த கோழி மாதிரி’ என்பது இன்றும் வழக்கு. தூங்கி விழும் கோழி பிழைக்காது என்பதும், ஒரு கோழி தூங்கினால் மற்றவற்றைப் பிரிக்க வேண்டும் என்பதும் கோழி வளர்க்கும் குடும்பங்கள் அறிந்தவை. ‘வெள்ளைக்கழிச்சல்’ என்ற பெயர் எச்சத்தின் நிறத்தைக் கொண்டே நோயைச் சுட்டுகிறது. கோழி உணவும் வருவாயும் ஆனதால், அதன் இறப்பு குடும்பப் பொருளாதாரத்தில் கணக்கிடப்பட்ட இழப்பு. சொற்கள் பிறந்தது அந்தக் கணக்கிலிருந்து. கிளி அக்கணக்கில் இடம்பெறவில்லை. கிளி இறந்தால் வீடு வருந்தியது; ஆனால் அவ்வருத்தம் நோய்ப்பெயராக மாறவில்லை.

அமைதியே அறிகுறி: அறிவியல் கண்ட வழி

ஆசுத்திரேலியாவின் உள்நாட்டுப் புல்வெளிகளில் பெருங்கூட்டமாக அலையும் பட்ஜிரிகரை ஜான் கூல்டு 1840இல் உயிருடன் இங்கிலாந்துக்குக் கொண்டுவந்தார். கூண்டிலேயே எளிதில் இனப்பெருக்கம் செய்யும் பறவையாதலால் அது விரைவில் உலகெங்கும் பரவியது. தமிழகத்தில் அதற்கு வழங்கும் ‘லவ் பேர்ட்ஸ்’ என்னும் பெயர் உண்மையில் ஆப்பிரிக்காவைச் சேர்ந்த வேறொரு கிளியினத்துக்கு உரியது.

கிளிகளின் நோய் மருத்துவ உலகின் கவனத்துக்கு வந்தது பறவைகளின் பொருட்டன்று. மனிதர் இறந்ததன் பொருட்டு. 1879இல் சுவிட்சர்லாந்தின் ஊஸ்டர் என்னும் ஊரில் ஒரு வீட்டில் 7 பேருக்கு நுரையீரல் நோய் கண்டது. 3 பேர் இறந்தனர். வீட்டிலிருந்த அயல்நாட்டுக் கூண்டுப் பறவைகளை அதற்குக் காரணமாக யாக்கோபு ரிட்டர் சுட்டினார். 1892இல் புவனோஸ் ஐரிசிலிருந்து பாரிசுக்கு வந்த கிளிகளைத் தொடர்ந்து அங்கும் நோய் பரவியது. 1929–30ஆம் ஆண்டுகளில் அது பல நாடுகளில் தோன்றியது. 1930 சனவரியில் அமெரிக்கக் குடியரசுத் தலைவர் ஹூவர் கிளி இறக்குமதியைத் தடைசெய்தார். கிளிக்காய்ச்சல் எனப்படும் இந்நோயின் காரணி கிளமைடியா சிட்டசி என்னும் நுண்ணுயிர்.

இவ்வரலாற்றில் இக்கட்டுரைக்கு மிகவும் இன்றியமையாதது கார்ல் ஃபிரெடரிக் மேயர் கலிபோர்னியாவில் மேற்கொண்ட ஆய்வு. இறக்குமதித் தடைக்குப் பின்னும் நோய் நிற்காததால் அவர் உள்ளூர் பட்ஜிரிகர் வளர்ப்பகங்களை ஆராய்ந்தார். வெளித்தோற்றத்தில் நலமாக இருந்த பறவைகளும் தொற்றைத் தாங்கியிருந்தன. பயணம், நெருக்கம், உணவு மாற்றம் முதலிய அழுத்தங்கள் நேர்ந்தபோது நோய் வெளிப்பட்டது. சோர்வு தெரியாமை நலத்துக்குச் சான்றாகாது என்பதை இவ்வாய்வு நிறுவியது.

இதற்கான உயிரியல் விளக்கம் எளியது. கிளிகள் இரையாகும் உயிரினங்கள். கூட்டத்தில் தளர்ந்து தெரிவது எதிரியின் கண்ணில் முதலில் படும். ஆகவே உடல் இயலும்வரை அவை இயல்பாகவே நடந்துகொள்கின்றன. 30 முதல் 40 கிராம் எடையுள்ள பட்ஜிரிகரின் உடலில் சேமிப்பு மிகக் குறைவு. உயிர்வேதி மாற்றமோ மிக விரைவு. ஒருநாள் உண்ணாமை அதற்கு நெருக்கடி. எனவே அது சோர்வை வெளிக்காட்டும் நேரத்தில் மறைக்கும் ஆற்றலை இழந்துவிட்டது என்றே பொருள்.

இயல்பான ஓய்வையும் நோய்ச்சோர்வையும் பிரித்தறியும் குறிகளைப் பறவை மருத்துவம் வகுத்துள்ளது. ஒற்றைக்காலில் நின்று தலையை முதுகுச் சிறகுக்குள் புதைத்துச் சிறிது நேரம் உறங்குவது இயல்பு. இரு கால்களாலும் கட்டையைப் பற்றி, சிறகு உப்பி, நெடுநேரம் பகலில் உறங்குவது ஐயத்துக்குரியது. மூச்சுதோறும் வால் மேலும் கீழும் அசைவதும், கட்டையை விட்டுக் கூண்டின் தரையில் அமர்வதும் உடனடிக் கவனம் வேண்டுபவை. சிறகுதிர் காலத்திலும் சற்றுத் தளர்ச்சி உண்டு. ஆனால் அப்போதும் பறவை உண்பதை நிறுத்துவதில்லை.

பறவையின் மூச்சமைப்பும் இங்குக் கருதத்தக்கது. காற்றுப்பைகளின் உதவியால் பறவை நுரையீரலில் காற்று ஒரே திசையில் தொடர்ந்து செல்கிறது. உயிர்வளியை மிகுதியாகப் பெறும் இவ்வமைப்பு நச்சுக்காற்றையும் அவ்வாறே விரைந்து ஏற்கிறது. 1890களில் ஜே. எஸ். ஹால்டேன் நிலக்கரிச் சுரங்கங்களில் நச்சுக்காற்றை அறியச் சிறு உயிரினங்களைப் பயன்படுத்தப் பரிந்துரைத்தது இவ்விரைவு கருதியே. பிரித்தானியச் சுரங்கங்களில் கானரிப் பறவைகள் விலக்கப்படும் முடிவு 1986இல்தான் வந்தது. அங்கே பறவையின் சோர்வைக் கவனிப்பது ஒரு தொழிற்கடமை. கவனித்தவர் உயிர் அதைச் சார்ந்திருந்தது.

திருப்பூர் வட்டாரம்: அருகருகே இருந்தும் சேராத அறிவுகள்

பறவை நோய் பற்றிய அறிவில் திருப்பூர் வட்டாரம் பின்தங்கியதன்று. பல்லடம் இந்தியாவின் முதன்மையான கறிக்கோழி உற்பத்தி மையங்களுள் ஒன்று. 1926இல் ஜாவாவிலும் இங்கிலாந்தின் நியூகாசிலிலும், 1927இல் இந்தியாவின் இராணிக்கேத்திலும் அறியப்பட்ட நோய்க்கு எதிரான தடுப்பூசி இப்பண்ணைகளில் அன்றாட நடைமுறை. தமிழ்நாடு கால்நடை மருத்துவ அறிவியல் பல்கலைக்கழகம் 1989இல் நிறுவப்பட்டது. அதன் பயிற்சி, ஆராய்ச்சி மையம் ஒன்று திருப்பூரில் உள்ளது. உடுமலைப்பேட்டையில் 2020இல் கால்நடை மருத்துவக் கல்லூரி தொடங்கப்பட்டது.

எனினும் பண்ணையின் அறிவு தொகுதி சார்ந்தது. ஆயிரக்கணக்கான கோழிகளுள் சில சோர்ந்தால், மருத்துவர் இறந்தவற்றை அறுத்துக் காரணம் கண்டு எஞ்சியவற்றைக் காக்கிறார். அங்கே தனிப்பறவையின் சோர்வு கூட்டத்துக்கான எச்சரிக்கை. அப்பறவை நோயாளி அன்று. கூண்டுக்கிளியோ ஒன்று அல்லது இரண்டு. அதன் சோர்வு வேறெதற்கும் எச்சரிக்கையாக இல்லாமல் அதன் உயிரையே குறிக்கிறது. பண்ணை அறிவு கூண்டை எட்டாமைக்கு இந்த அணுகுமுறை வேறுபாடு முதற்காரணம்.

இவ்விரண்டையும் தனித்தனி உலகங்களாகக் கருத இயலாது என்பதற்கு வரலாற்றுச் சான்று உண்டு. 1971–73இல் தென் கலிபோர்னியாவில் பரவிய கடுமையான நியூகாசில் நோய், இறக்குமதியான கிளியினப் பறவைகளோடு வந்ததாகக் கண்டறியப்பட்டது. அதனை ஒழிக்க ஏறத்தாழ 1 கோடியே 20 இலட்சம் கோழிகள் கொல்லப்பட்டன. கூண்டுக்கிளியின் சோர்வைக் கவனிப்பது கோழிப்பண்ணை வட்டாரத்துக்கு இரக்கம் சார்ந்த செய்தி மட்டுமன்று என்பது இதனால் பெறப்படும்.

இரண்டாவது காரணம் வாழிடம். பனியன் கம்பெனி ஷிப்டு முறைக்கேற்ப வீட்டில் விளக்கு எரிகிறது. இரவு ஷிப்டு முடித்து ஒருவர் வரும்போது மற்றொருவர் புறப்படுகிறார். பட்ஜிரிகருக்கு நாள்தோறும் 10 முதல் 12 மணி நேரம் இருளும் அமைதியும் வேண்டும். அவ்வுறக்கம் கிடைக்காத பறவை பகலில் உறங்கும். வீட்டார் அதனைச் சோம்பல் என்பர். நக்கீரரின் புறா மழையிருளால் இரவுபகல் மயங்கியது. லைன் வீட்டின் பறவை விளக்கொளியால் அவ்வாறே மயங்குகிறது. தகரம் அல்லது சிமெண்ட் தகடு வேய்ந்த கூரையின்கீழ்ச் சித்திரை வெயில் மற்றொரு சுமை. பறவைகளுக்கு வியர்வைச் சுரப்பி இல்லை; வாய்திறந்து மூச்சுவாங்குவதும் சிறகை உடலினின்று விலக்கிப் பிடிப்பதுமே அவை வெப்பத்தைத் தணிக்கும் வழிகள். வீட்டிலேயே செக்கிங், பிசிறு வெட்டுதல் முதலிய பணிகள் நடக்கும் இடங்களில் பஞ்சுத்தூசும் சேர்கிறது. நுண்தூசு மனித நுரையீரலைத் தாக்குவதைப் பஞ்சாலைத் தொழிலாளர் நோய்வரலாறு காட்டியுள்ளது. அதே அறையில் மூச்சுவிடும் பறவையின் நுரையீரல் அதனினும் நுட்பமானது. ஒட்டாத பூச்சுள்ள பாத்திரம் அளவுமீறிச் சூடானால் எழும் ஆவி கூண்டுப் பறவைகளைக் கொல்வது 1970களிலிருந்து மருத்துவ இதழ்களில் பதிவாகியுள்ளது.

உணவும் இதில் சேரும். திணையும் சாமையும் போன்ற தானியத்தை மட்டும் உண்ணும் பட்ஜிரிகருக்கு அயோடின் குறைந்து கழுத்துச்சுரப்பி வீங்குவதும், உயிர்ச்சத்து ஏ குறைவதும் நன்கறியப்பட்டவை. துத்தநாகம் பூசிய கம்பிக்கூண்டைக் கொறிப்பதால் நஞ்சேறுவதும் உண்டு. பெட்டைக்கு முட்டை அடைத்துக்கொள்வது மற்றொரு காரணம். காரணம் எதுவாயினும் வெளித்தோற்றம் ஒன்றே: சோர்வு. ஆகவேதான் தோற்றத்தைக் கொண்டு வீட்டிலேயே மருந்து முடிவு செய்வது பிழையாகிறது. கோழிக்கு வாங்கிய மருந்தை அளவு குத்துமதிப்பாகக் கிளிக்குக் கொடுப்பதன் இடர், 35 கிராம் உடலெடையை எண்ணிப் பார்த்தாலே விளங்கும்.

சட்டமும் சோர்வும்

மூன்றாவது காரணம் செந்தார்ப் பைங்கிளிக்கு மட்டும் உரியது. 1972ஆம் ஆண்டின் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டம் கிளிகளை நான்காம் அட்டவணையில் சேர்த்தது. 1991ஆம் ஆண்டுத் திருத்தம் உள்நாட்டுக் காட்டுப் பறவை வணிகத்தை முற்றிலும் தடுத்தது. 2022இல் நிறைவேறி 2023 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்த திருத்தத்தில் செந்தார்ப் பைங்கிளி இரண்டாம் அட்டவணையில் வைக்கப்பட்டது. அயல்நாட்டினமான பட்ஜிரிகருக்கு இத்தடை இல்லை. லவ் பேர்ட்ஸ் தமிழக வீடுகளில் பச்சைக்கிளியின் இடத்தைப் பெருமளவு பிடித்ததற்கு இச்சட்ட வேறுபாடு ஒரு முதன்மைக் காரணம் எனலாம்.

இச்சட்டத்தின் தேவை ஐயத்துக்கு அப்பாற்பட்டது. பொந்திலிருந்து எடுக்கப்பட்ட குஞ்சுகளுள் பல சந்தையை அடையுமுன்பே இறந்தன. கிளி சோதிடத்துக்காகச் சிறகு கத்தரிக்கப்பட்டவை வாழ்நாள் முழுதும் பறக்கவில்லை. எனினும் சட்டத்தின் எதிர்பாராத விளைவு ஒன்றையும் ஆய்வு புறக்கணிக்க இயலாது. பல ஆண்டுகளாகப் பச்சைக்கிளி வளர்த்துவரும் குடும்பம், அது சோர்ந்தபோது மருத்துவமனைக்கு எடுத்துச் செல்ல அஞ்சுகிறது. நோயை மறைக்கும் பறவையை வீட்டாரும் மறைக்கின்றனர். இவ்விரு மறைப்புகளுக்கிடையில் மருத்துவத்துக்குரிய நேரம் கழிந்துவிடுகிறது.

துறைப் பிரிவும் இதற்குத் துணைசெய்கிறது. கோழியும் மாடும் கால்நடைப் பராமரிப்புத் துறையின் பொறுப்பு. காட்டுப் பறவைகள் வனத்துறையின் பொறுப்பு. திருப்பூரை அடுத்த நஞ்சராயன் குளம் 2022இல் பறவைகள் சரணாலயமாக்கப்பட்டு, 2024இல் ராம்சார் தளமாகவும் அறிவிக்கப்பட்டது. அங்கு வரும் பறவைகள் கணக்கெடுக்கப்படுகின்றன. பண்ணைக் கோழியும் எண்ணப்படுகிறது; குளத்துப் பறவையும் எண்ணப்படுகிறது. லைன் வீட்டின் கூண்டு மட்டும் எக்கணக்கிலும் இல்லை.

கிளிக்காய்ச்சலை முன்வைத்து நோக்கினால் இவ்விடுபடலின் பொருள் மேலும் தெளிவாகும். அது உலர்ந்த எச்சத்தின் தூசு வழியாக மூச்சில் கலந்து மனிதரைத் தாக்குகிறது. காய்ச்சல், தலைவலி, வறட்டு இருமல் எனத் தொடங்குவதால் பிற காய்ச்சல்களினின்று பிரித்தறிவது அரிது. வீட்டில் பறவை உண்டா, அது அண்மையில் சோர்ந்ததா என்று மருத்துவர் கேட்டாலன்றி ஐயம் எழாது. தூசு நிறைந்த தொழிலில் உழைப்பவரின் இருமல் பஞ்சுத்தூசின் மேல் ஏற்றப்படுவது எளிது.

முடிவுரை

தமிழ் மரபு கிளியின் குரலைப் போற்றியது. அக்குரல் அடங்குவதைப் பெயரிட்டுச் சுட்டவில்லை. புறாவின் செயலறவை நக்கீரர் கண்டார். கோழியின் தூக்கத்தைக் குடும்பங்கள் கண்டன. முன்னதில் புலமைக் கூர்மையும் பின்னதில் பொருளியல் தேவையும் கவனத்தை உருவாக்கின. கிளிக்கு இவ்விரண்டும் வாய்க்கவில்லை. அதன் அமைதியே அறிகுறி என்பதை நவீன அறிவியல் மனித இறப்புகளின் வழியாகவே கற்றது.

திருப்பூர் மாவட்டத்தில் பறவை மருத்துவ அறிவும் நிறுவனங்களும் உள்ளன. அவற்றுக்கும் கூண்டுக்கும் இடையில் தொகுதி நோக்கு, ஷிப்டு வாழ்க்கை, சட்ட அச்சம் ஆகிய மூன்றும் நிற்கின்றன. முதலாவதைக் களையக் கால்நடை மருத்துவமனைகளில் கூண்டுப் பறவைக்கெனத் தனி நேரம் ஒதுக்குதல் உதவும். இரண்டாவதைக் களைய இரவில் கூண்டை மூடுதல், எடையைக் கிழமைதோறும் பார்த்தல், எச்சத்தைக் கவனித்தல் ஆகிய எளிய வழக்கங்கள் போதும். மூன்றாவதற்கு, நோயுற்ற பச்சைக்கிளியை ஒப்படைப்பவர் அஞ்சாமல் வருவதற்கான நடைமுறையை வனத்துறையும் கால்நடைத் துறையும் இணைந்து வகுத்தல் வேண்டும். ‘சீக்கு வந்த கோழி’யை அறிந்த மொழி, சிறகு உப்பிய கிளியையும் அறிந்துகொள்ள இயலும். அதற்குரிய கூர்நோக்கு நெடுநல்வாடையிலேயே உள்ளது.